தோடம்பழமும் ஆங்கிலேயப் பயிற்றுநரும்

புலம்பெயர்ந்த ஊரில் எங்கள் தமிழ்க் கத்தோலிக்கப் பங்கின் கோடை விளையாட்டு விழாவில் பெண்களுக்கும் உதைபந்தாட்டம் வைத்தது இரண்டாயிரத்துக்குப் பிறகுதான். முதல் வருடம் நாங்கள், அதாவது சென்ட் லோரன்டில் வாடகை வீடுகளில் இருந்த பெண்கள், புறநகரான பியர்பொன்ட்ஸில் வீடு வாங்கிப் போன பெண்களிடம் ஏழு கோல் வாங்கித் தோற்றோம். நாங்கள் ஒன்றும் போடவில்லை. தோற்றதைவிட, மைக் பிடித்தவரின் வர்ணனைதான் சுட்டது.

"பந்து இப்ப அக்காவிட்டப் போகுது... அக்கா பந்தைப் பாக்கிறா... பந்து அக்காவைப் பாக்குது..."

மைதானம் முழுக்கச் சிரித்தது. என் கணவரும் சிரித்தார். பிறகு இல்லை என்று சத்தியம் செய்தார்.

அடுத்த வருடம் பனி கரையும் நேரத்தில் விழாக் குழு ஒரு முடிவு சொன்னது. இந்த முறையும் பகிடியாகப் போனால் பெண்களின் பந்தாட்டத்தை நிறுத்திவிட்டு, பழையபடி எலுமிச்சையைக் கரண்டியில் வைத்து ஓடும் தேசிக்காய் கரண்டி ஓட்டம் வைப்பார்களாம்.

வர்ணனையில் வந்த அக்கா எங்கள் பாடகர் குழுவை நடத்துபவர். அவர் கையை உயர்த்தினால் கோவிலே எழுந்து நிற்கும். பூசை முடிந்து கோப்பி குடிக்கிற இடத்தில் எங்களை ஒரு மூலைக்குக் கூப்பிட்டார்.

"உங்களுக்குள்ள ஆருக்காவது ஒழுங்கா பந்தடிக்கத் தெரியுமோ?"

என் ஊர்க்காரி ஒருத்தி என்னை முன்னுக்குத் தள்ளினாள். "இவ சின்னனில தமையன்மாரோட மன்னார்க் கடற்கரையில அடிச்சவ."

"அப்ப இவதான் கோச்," என்றார் அக்கா. அவ்வளவுதான் தேர்தல்.

நான் பத்தாம் வகுப்போடு நின்றவள். பூசையில் வாசகம் வாசிக்கச் சொன்னால், காய்ச்சல் என்று வீட்டில் இருந்துவிடுவேன். ஆறு பேருக்கு முன்னால் நின்று இதைச் செய், அதைச் செய் என்று நான் எப்படிச் சொல்வது? அதிலும் அக்காவுக்கு?

ஏன் தோற்றோம் என்பது எனக்குத் தெரியும். மரியாதைதான் காரணம். பந்து யாரிடம் வந்தாலும் நாங்கள் அதை நேரே அக்காவுக்குக் கொடுத்தோம். அவர் நின்ற இடத்தில் நின்றபடியே "இஞ்ச, இஞ்ச" என்று கேட்பார். கேட்டவருக்குக் கொடுக்காமல் இருக்க முடியுமா? அவரிடம் பந்து போனதும் மற்ற ஆறு பேரும் நின்று பார்ப்போம். பியர்பொன்ட்ஸ் பெண்கள் வந்து எடுத்துக்கொண்டு போவார்கள். இதை அக்காவின் முகத்தைப் பார்த்துச் சொல்ல எனக்கு வாய் வராது.

அந்தக் கவலையில் ஒரு நாள் தொழிற்சாலையில் என் சாப்பாட்டுப் பெட்டி திறக்காமல் கிடந்தது. சென்ட் லோரன்டில் மருந்துப் போத்தல்களைப் பெட்டிகளில் அடுக்கும் வேலை எனக்கு. பக்கத்து மேசையில் ஒரு ஹங்கேரிக்காரி. ஓய்வு பெற இரண்டு வருடம் இருந்தது அவளுக்கு. இரண்டு பேருக்கும் பிரெஞ்சு அரைகுறை. அதனாலோ என்னவோ, அவளோடு கதைக்க மட்டும் எனக்குக் கூச்சம் இல்லை. விசயத்தைச் சொன்னேன். அவள் கடித்துக்கொண்டிருந்த பாண் துண்டை அப்படியே மேசையில் வைத்தாள்.

"பந்தாட்டமா? என் அப்பாவுக்குப் பந்து பழக்கியவர் ஒரு ஆங்கிலேயர், தெரியுமா?"

அந்த மதியமும் அதற்கடுத்த மதியங்களிலும் அந்த ஆளின் கதையைச் சொன்னாள். முதல் உலக யுத்தத்துக்கு முன்னமே பந்து பழக்குவதற்கென்று பிறநாடுகளுக்குப் போனவர்களில் அவரும் ஒருவர். யுத்தம் வந்ததும் எதிரி நாட்டவர் என்று மறித்துவிட்டார்கள். ஊருக்குத் திரும்ப முடியாமல் அவளுடைய அப்பாவின் நகரத்தில் மாட்டிக்கொண்டார். பொழுது போக வேண்டுமே என்று அங்கிருந்த பொடியன்களுக்குப் பந்து பழக்கினார். அந்தப் பொடியன்களில் ஒருவர் இவளுடைய அப்பா.

"அவருக்கு எங்கள் பாஷை ஒரு சொல்லும் வராது," என்றாள்.

"அப்படியென்றால் எப்படிப் பழக்கினார்?"

"காலால்."

கத்தமாட்டாராம். தானே பந்தை எடுத்துச் செய்துகாட்டுவாராம். ஆளுக்கொரு பந்து கொடுத்து, காலுக்குப் பழகும்வரை விடமாட்டாராம். பந்து நிலத்தோடு போக வேண்டும், கொடுத்தவன் நிற்காமல் வெறும் இடத்துக்கு ஓட வேண்டும். அவருடைய சொந்த நாட்டிலோ அந்தக் காலத்தில் உயரத் தூக்கி அடித்துவிட்டுப் பின்னால் ஓடுவதுதான் வீரம். யுத்தம் முடிந்து திரும்பிப் போனவரை எதிரியோடு இருந்தவன் என்றுதான் பார்த்தார்களாம். அவர் மறுபடி வெளிநாடுகளுக்குப் போய்ப் பழக்கினார். பல வருடங்கள் கழித்து ஹங்கேரி அணி இங்கிலாந்துக்கே போய் இங்கிலாந்தை வென்றது. இதெல்லாம் அந்த ஆங்கிலேயர் சொல்லித்தந்த ஆட்டம் என்று அவள் நாட்டில் சொன்னார்களாம்.

"நான் சின்னப் பிள்ளை. அப்பா வானொலிக்கு முன்னால் எழுந்து நின்றுவிட்டார். கோவிலில் நிற்பது போல."

பிறகு தன் ஆரஞ்சு நிறத் தோடம்பழத்தைக் கீழே போட்டு, மேசைக்கு அடியால் காலின் உட்பக்கத்தால் எனக்குத் தள்ளினாள். நான் நிறுத்தித் திருப்பித் தள்ளினேன். மணி அடிக்கும்வரை இரண்டு பேரும் தோடம்பழம் உருட்டினோம். அவள் தோலை உரித்தபோது பழம் பாதி சாறாகிவிட்டிருந்தது.

பாஷை தெரியாத ஒருவர் ஒரு நாட்டுக்கே பழக்கியிருக்கிறார். பாஷை தெரிந்தும் வாய் வராத எனக்கு ஆறு பேர்தானே.

அடுத்த ஞாயிறு டொலர் கடையில் வாங்கிய ஏழு பந்துகளை ஒரு பையில் போட்டுக்கொண்டு பூங்காவுக்குப் போனேன். ஆளுக்கொன்று கொடுத்தேன். ஒன்றும் சொல்லாமல் என் பந்தைக் காலால் உருட்டிக்கொண்டு நடந்தேன். அவர்களும் பின்னால் வந்தார்கள். ஆளுக்கொரு பந்து இருந்ததால் அக்காவுக்குக் கொடுக்க ஒருவருக்கும் வழியில்லை. இரண்டு ஞாயிறு அப்படியே போனது. பிறகுதான் ஒற்றைப் பந்து. நான் கொடுத்துவிட்டு உடனே ஓடி, ஆளில்லாத இடத்தில் நின்று என் காலை விரலால் காட்டுவேன்.

"உதென்ன பிள்ளை, வாய் இல்லையோ? கேளன், தாறன்," என்று அக்கா சத்தம் போட்டார். நான் விரலால் காலைக் காட்டினேன்.

அக்கா மட்டும் பழைய அக்காவாகவே இருந்தார். பந்து வந்தால் வைத்துக்கொள்வார். ஒரு ஞாயிறு நான் கண்ணை மூடிக்கொண்டது போல ஓடிப்போய் அவர் காலிலிருந்த பந்தை எடுத்துவிட்டேன்.

"என்ர காலுக்குள்ள இருந்தே எடுக்கிறாய்?"

அவர் போய்விட்டால் மற்றவர்களும் போய்விடுவார்கள், விழாக் குழுவுக்கு நாங்களே கரண்டியைக் கையில் கொடுத்தது போலாகிவிடும். ஆனாலும் பந்தை அவரிடமே உருட்டிவிட்டு, மறுபடியும் ஓடிப்போய் எடுத்தேன். மூன்றாம் முறையும் எடுத்தேன். நான்காம் முறை நான் கிட்டப் போவதற்குள் அவர் பந்தை என் ஊர்க்காரிக்குத் தட்டிவிட்டார்.

"இந்தா, இப்ப எடு பாப்பம்!" என்றார். சொல்லிவிட்டுப் பெரிதாகச் சிரித்தார். அன்றைக்குத்தான் எங்களிடம் ஓர் அணி இருந்தது.

விழா நாளில் பியர்பொன்ட்ஸ் பெண்கள் ஒரே நிறச் சட்டையும் ஆணிச் சப்பாத்துமாக வான்களில் வந்து இறங்கினார்கள். விசிலோடு ஓர் ஆண் பயிற்றுநரும் வந்திருந்தார். தொடக்கத்திலேயே எங்கள் கோல்காரி ஓடிவந்த எதிரணிப் பெண்ணில் முட்டி, "ஐயோ, சொறி பிள்ளை" என்று அவளைத் தூக்கிவிட்டுக்கொண்டிருக்க, பந்து பின்னால் கோலுக்குள் போய்விட்டது. மைக் பிடித்தவருக்குக் கொண்டாட்டம்.

"சென்ட் லோரன்ட் அக்காவை மறக்கேல்லைத்தானே? பந்து இப்ப அக்காவிட்டப் போகுது... அக்கா பந்தைப்..."

அவர் அதைச் சொல்லி முடிக்கவில்லை. பந்து அக்காவிடம் இல்லை. என் ஊர்க்காரியிடம் இருந்தது, என்னிடம் வந்தது, திரும்பவும் அக்காவிடம் போனது.

"பந்து... எங்க பந்து?"

கோட்-டெ-நெய்ஜில் இருக்கும் பல்கலைக்கழகத்தில் படிக்கும் கணவரோடு சென்னையிலிருந்து வந்திருந்த ஒரு பெண் எங்கள் அணியில் இருந்தாள். எங்களில் அவள்தான் இளையவள். "அக்கா, இங்க குடுங்க, இங்க!" என்று கத்திக்கொண்டு ஓடினாள். போன வருடமென்றால் ஒரு சின்னப் பெண் கேட்டதற்காக அக்கா கொடுத்திருக்கமாட்டார். இப்போது பார்க்காமலே கொடுத்தார். கோல்.

"அடிச்சிட்டேன்! அக்கா, அடிச்சிட்டேன்!" என்று அவள் அக்காவைத் தூக்கப் பார்த்தாள். முடியவில்லை.

பிறகு எங்களுக்கு இன்னும் இரண்டு கோல். அதிலொன்று நான் அடித்தது. மூன்றுக்கு ஒன்று என்று வென்றோம். கடைசி ஐந்து நிமிடம் மைக் பிடித்தவர் வர்ணனையை விட்டுவிட்டுக் கை தட்டினார். எங்கள் காலின் வேகத்துக்கு அவர் வாய் போதவில்லை.

பரிசு கொடுக்கும்போது கோச் வந்து இரண்டு சொல் சொல்ல வேண்டும் என்று அவர் மைக்கை நீட்டினார். நான் என் கணவரின் முதுகுக்குப் பின்னால் போய்விட்டேன். மைக்கை அக்கா வாங்கினார்.

"எங்கட கோச் கதைக்கமாட்டா. கதைச்சுப் பழக்கேல்லை. விழாக் குழு அண்ணைமாரே, வாங்கி வைச்ச தேசிக்காயையும் கரண்டியையும் எறிஞ்சுபோடாதேங்கோ. அடுத்த வருசம் ஆம்பிளையளுக்கு ஓட்டம் வைப்பம். எங்கட பந்தாட்டம் நடக்கும்."

போன வருடம் சிரித்த அதே சனம் எழுந்து நின்று கை தட்டியது. என் கணவர் விசிலே அடித்தார்.

திங்கட்கிழமை மதியம் ஹங்கேரிக்காரி என் முகத்தையே பார்த்தபடி இருந்தாள். பையிலிருந்து மூன்று தோடம்பழங்களை எடுத்து, ஒவ்வொன்றாக மேசைக்கு அடியால் அவள் காலுக்குத் தள்ளினேன். மூன்றாவதையும் நிறுத்திவிட்டு அவள் எழுந்து நின்றாள். சாப்பாட்டு அறையில் எல்லோரும் பார்க்க, மணி அடிக்கும்வரை நின்றுகொண்டே இருந்தாள்.