லாபிஸில் என் அம்மாவின் இன்னொரு மகள்

நான் பிறந்த ரப்பர் தோட்டத்தைப் பார்க்க வேண்டும் என்பது என் பல நாள் ஆசை. எனக்கு நாலு வயதில் அம்மா அஞ்சலை காய்ச்சலில் போய்விட, மாமா என்னைச் சிங்கப்பூருக்கு அழைத்து வந்துவிட்டார். போன தைப்பூசம் முடிந்த கையோடு, மகளை மாமியாரிடம் விட்டுவிட்டுக் கிளம்பினேன்.

காலை ரயில் பாலத்தைக் கடந்து ஜொகூர் பாருவில் நின்றது. பிறகு செடெனாக், குளுவாங் என்று ரப்பர் மரங்களுக்கு நடுவே ஊர்ந்து, பிற்பகலில் லாபிஸ் சேர்ந்தது. மூன்றாம் வகுப்புப் பலகை இடுப்பை ஒடித்துவிடும். விரிக்க ஒரு போர்வை எடுத்துப் போங்கள். ஸ்டேஷனிலிருந்து தோட்டம் மூன்று மைல். மாட்டுவண்டிதான், கூலி அரை வெள்ளி.

"ராசம்மா வீட்டுக்கா? பிரசவம் பாக்குறதுல அவங்க அம்மா அஞ்சலை மாதிரியே கைராசி," என்றார் வண்டிக்காரர்.

ராசம்மா பக்கத்து வீட்டுத் தாயில்லாப் பிள்ளை. என் அம்மா எடுத்து வளர்த்தவள், என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவள். நான் வண்டிக்காரரைத் திருத்தவில்லை. ஆனால் சுருக்கென்றது.

ராசம்மா கட்டிப்பிடித்து அழுதாள். சோறு போட்டுக்கொண்டே கதை கதையாகச் சொன்னாள். அம்மா கங்காணியை எதிர்த்துப் பேசியது, அம்மா வைக்கும் கருவாட்டுக் குழம்பு, அம்மாவின் சிரிப்பு. ஒன்றுகூட எனக்குத் தெரியாது. என்னிடம் இருந்ததோ ஒன்றே ஒன்று. விட்டுக்கொடுக்க மனமில்லாமல் சொன்னேன்.

"என் காலில் அட்டை கடிச்சப்போ அம்மா சுண்ணாம்பு தடவி ஊதினாங்களே, அது ஞாபகம் இருக்கு அக்கா."

"ஐயோ, அது என் காலு புள்ள! நீ அம்மா இடுப்புல உக்காந்துகிட்டு என்னைவிடச் சத்தமா அழுதே." கணுக்காலில் புண் ஆறிய தழும்பைக் காட்டினாள்.

இத்தனை நாள் என் மகளுக்கு நான் சொல்லி வந்தது இவள் கதை.

"அம்மா முகம் எப்படி இருக்கும்?" என்று கேட்டேன்.

சொல்ல வாயெடுத்தவள் நிறுத்தினாள். "மூக்குத்தி தெரியுது. குரல் கேக்குது. முகம்... எங்க போச்சுன்னே தெரியல புள்ள."

அவள் கண் கலங்கியது. எனக்கோ உள்ளூர மனம் குளிர்ந்தது. அந்த முகம் அவளிடமும் இல்லை.

இப்படிப் பிறந்த இடம் தேடிப் போகிறவர்கள் இரண்டு நாளாவது தங்குங்கள். முதல் நாள் மனம் சரியாக இருக்காது. நான் மறுநாளே புறப்பட்டுவிட்டேன். வழியனுப்ப வந்த ராசம்மா, ரயில் ஜன்னலுக்குள் கையை நீட்டி என் மோவாயைப் பிடித்து, முகத்தை உற்று உற்றுப் பார்த்தாள். என்ன தேடுகிறாள் என்று புரிந்தது.

நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அதையும் அவளுக்குக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை.