சங்கிலிக்கு அந்தப் பக்கம்

கதவின் உள்பக்கம் சங்கிலி மாட்டியதுதான் தாயும் மகளும் சேர்ந்து செய்த கடைசி வேலை. மகள் துளை போட்டாள். தாய் திருகாணிகளை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாக நீட்டினாள். நடுவில் தாயின் கைப்பேசி சிணுங்கியது. கண்ணாடியை மூக்கில் இறக்கிக்கொண்டு, வந்த செய்தியை உரக்கப் படித்தாள். நடுவயதுப் பெண் ஒருத்தி நெஞ்சைப் பிடித்துக்கொண்டு மாடிப்படியில் உட்கார்ந்திருப்பாளாம். கதவைத் தட்டுவாளாம். இரக்கப்பட்டுத் திறந்தால், ஒளிந்திருக்கும் ஆட்கள் உள்ளே புகுந்துவிடுவார்களாம்.

"பாத்தியா? எப்படியெல்லாம் யோசிக்கிறானுங்க."

"இது போன வருஷமே சுத்துன புரளிம்மா."

"உனக்கு எல்லாமே புரளிதான். திருகாணியப் பிடி."

ஆனால் கைப்பேசியில் இருந்த அத்தனை பேருக்கும் அதை அனுப்பிவிட்டுத்தான் அடுத்த திருகாணியை நீட்டினாள்.

அத்தனை பேர் என்றால் சொந்தபந்தம் மட்டுமல்ல. அவள் ஒரு ஆய்வு நிறுவனத்துக்காக வீடு வீடாகப் போய்க் கருத்துக்கணிப்பு எடுப்பவள். நாட்டில் ஒழுக்கம் உயர்ந்திருக்கிறதா, அப்படியே இருக்கிறதா, தாழ்ந்திருக்கிறதா என்று கேட்டு, பதிலை டேப்லெட்டில் தட்டுவாள். விட்டுப்போன கேள்விக்காகத் திரும்பப் போக வேண்டியிருக்கும் என்பதால், பதில் சொன்னவர்களின் கைப்பேசி எண்களையெல்லாம் வாங்கி வைத்துக்கொள்வாள். பெயரைப் போட மாட்டாள். பச்சைக் கதவு, நாய் வீடு, மூன்றாம் மாடி இருமல் என்றுதான் பதிந்து வைப்பாள்.

கேட்கும்போது முகத்தைச் சுவர் மாதிரி வைத்துக்கொள்ள வேண்டும் என்பது நிறுவனத்தின் விதி. லேசாகத் தலையாட்டினால்கூட எதிராளியின் பதில் அந்தப் பக்கம் சாய்ந்துவிடும். பகலெல்லாம் அடக்கி வைத்ததை வீட்டுக்கு வந்து சாப்பாட்டுத் தட்டின் மேல் கொட்டுவாள்.

"நாடு கெட்டுப்போச்சான்னா எல்லாரும் ஆமாங்கறாங்க. உங்க வீட்லன்னா, ஐயோ எங்க வீட்ல அதெல்லாம் இல்லங்கறாங்க. அப்போ கெட்டவன் எந்த வீட்லதான்டி குடியிருக்கான்?"

மகள் சிரிப்பாள். தாய்க்குச் சிரிப்பு வராது. கதவைத் திற என்று ஊரைக் கேட்பது அவள் பிழைப்பு. தன் கதவை ஒருவருக்கும் திறக்காதது அவள் கொள்கை. ஒருமுறை எதிர்வீட்டுப் பெரியவர் சாவியை உள்ளே வைத்துப் பூட்டிவிட்டு, மழையில் சொட்டச் சொட்ட நின்று மணியடித்தார். மகள் தாழ்ப்பாளில் கை வைத்ததும் தாய் அவள் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"எதிர்வீட்டுத் தாத்தாம்மா."

"தெரியுது. அவருக்குப் பின்னாடி யார் நிக்கறான்னு தெரியுதா?"

யாரும் நிற்கவில்லை. அவருடைய மகன் வேலையிலிருந்து திரும்பும்வரை பெரியவர் நடுங்கிக்கொண்டு படியிலேயே உட்கார்ந்திருந்தார். வீட்டில் ஆள் இருப்பது தெரியக் கூடாதென்று தாய் விளக்கைக்கூடப் போடவில்லை.

சங்கிலி மாட்டிய அடுத்த வாரம், டேப்லெட்டில் சார்ஜ் தீர்ந்து ஒரே ஒரு கேள்வி நின்றுபோன வீட்டுக்குத் தாய் மறுபடி போனாள். லிஃப்ட் ஓடவில்லை. மூன்றாம் மாடியை எட்டியபோது நெஞ்சு பிசைந்தது. பை கை நழுவிப் படிகளில் உருண்டு போனது. கைப்பேசி பைக்குள் இருந்தது. பக்கத்துக் கதவைத் தட்டினாள். தவழ்ந்து போய் எதிர்க் கதவையும் தட்டினாள். குப்பை எடுக்க வந்தவர் பார்த்துக் கத்திய பிறகுதான் கதவுகள் திறந்தன. கொஞ்சம் முன்னால் கொண்டுவந்திருந்தால் பிழைத்திருப்பார் என்றார் மருத்துவர், மகளின் முகத்தைப் பார்க்காமல்.

மகள் கட்டடங்களில் தீ எச்சரிக்கைக் கருவி பொருத்துபவள். கோளாறு எங்கே என்று தெரியாமல் ஒரு வேலையை விட்டு வந்து பழக்கமில்லை. தட்டிய சத்தம் கேட்டிருக்கும். ஆள் வரவில்லை. ஏன்? காரியமெல்லாம் முடிந்து உறவினர்கள் கிளம்பியதும் அந்த மூன்றாம் மாடிக்குப் போனாள்.

கதவு சங்கிலி விட்ட அளவுக்குத் திறந்தது. அவர்கள் வீட்டில் மாட்டியது போலவே சங்கிலி. இடுக்கில் ஒரு பெண்ணின் பாதி முகம் தெரிந்தது, ஒரு இருமல் கேட்டது. தான் இன்னாருடைய மகள் என்று அவள் சொன்னாள். அந்தப் பெண் வருத்தப்பட்டாள், தங்கமான மனுஷி என்றாள், கண்ணைக்கூடத் துடைத்துக்கொண்டாள். சங்கிலியை மட்டும் கழற்றவில்லை.

"தட்டினது கேக்கலீங்களா?"

"கேட்டுச்சும்மா. கதவு ஓட்டை வழியா பாத்தேன்கூட. நெஞ்சைப் பிடிச்சுக்கிட்டு, முகத்தைச் சுவர்ப் பக்கம் வச்சு உக்காந்திருந்தாங்க. உங்கம்மான்னு தெரியல. மெசேஜ்ல சொன்ன மாதிரியே, அச்சு அசலா இருந்துச்சு."

"எந்த மெசேஜ்?"

அந்தப் பெண் கைப்பேசியை விடாமல் பிடித்தபடி திரையை இடுக்கில் காட்டினாள். அனுப்பியவர் 'கருத்துக்கணிப்பு அம்மா'. அடியில் தாய் தன் பங்குக்கு ஒரு வரி சேர்த்திருந்தாள். யார் கெஞ்சினாலும் திறக்காதீங்க, என் மகளுக்கும் இதைத்தான் சொல்வேன்.

"அவங்க சொன்னதைத்தான்மா செஞ்சேன்."

எதிர்க் கதவுக்காரரும் அதே கைப்பேசிச் செய்தியைக் காட்டினார். அவர் பாதிக் கதவுகூடத் திறக்கவில்லை. ஜன்னல் கம்பி வழியே காட்டினார். மகளுக்குக் கோபப்பட ஆள் கிடைக்கவில்லை. கோளாறு மட்டும் கிடைத்தது.

கிளம்பும்போது இருமல்காரப் பெண் கூப்பிட்டாள்.

"அந்த ஒரு கேள்வி நிக்குதே. பாவம், அதுக்காகத்தான வந்தாங்க. இப்பவே பதில் சொல்லிடட்டுமா?"

எந்தக் கேள்வி என்று மகளுக்குத் தெரியும். தாய் அவளிடம்தான் ஒத்திகை பார்ப்பாள். முன்பின் தெரியாத ஒருவர் ஆபத்தில் இருந்தால், உங்கள் அக்கம்பக்கத்தில் உதவுவார்களா?

மகள் முகத்தைச் சுவர் மாதிரி வைத்துக்கொண்டாள்.

"நான் அந்த வேலையில இல்லீங்க."

பின்னால் தாழ்ப்பாள் விழுந்தது. இறங்கிப் போய் டேப்லெட்டை நிறுவனத்தில் ஒப்படைத்தாள். வாங்கியவர் தட்டிப் பார்த்தார். எல்லா வீடும் முடிந்திருக்கிறது, மூன்றாம் மாடியில் ஒன்று மட்டும் பாக்கி, ஒரு கேள்விதான் என்றார்.