புயல் வந்தபோது என் பெயர் ஸ்டெல்லா

அந்த ஸ்டுடியோவின் குளிர் இன்னும் என் கைகளில் இருக்கிறது...

கனமான கதவைத் தள்ளினால் முதலில் ஏசி குளிர் முகத்தில் அடிக்கும், பின்னாலேயே பழைய கார்பெட் வாசனை. அதற்காக மே மாத வெயிலிலும் செங்கல்பட்டு ஸ்டேஷனில் ஸ்வெட்டரும் கையுமாக நிற்பேன். எல்லாரும் ஒரு மாதிரி பார்ப்பார்கள். பார்த்தால் பார்க்கட்டும், நான் ரேடியோவில் பேசுகிறவள்!

பேசுகிறவள்தான், வேலையில் இருப்பவள் இல்லை. கேஷுவல் அறிவிப்பாளர். கூப்பிடுகிற நாளில் மட்டும் வேலை, மறுநாள் யாரோ எவரோ. பெண் பார்க்க வந்தவர்கள் கவர்மென்ட் வேலையா என்று கேட்டபோது அத்தா யோசிக்காமல் தலையாட்டிவிட்டார். அந்தத் தலையாட்டலை வைத்து என் வீட்டுக்காரர் இன்றுவரை என்னைக் கிண்டல் செய்வார்.

கூடுவாஞ்சேரியில் ஸ்டெல்லா ஏறுவாள். அவளும் கேஷுவல்தான். மைக் முன்னால் இரண்டு பேரும் சுத்தத் தமிழ். மைக்கை அணைத்ததும், "இன்னாடி, நாஸ்தா துன்னியா?"

மாதத்துக்கு இத்தனை நாள்தான் ஒருவரைக் கூப்பிடலாம் என்று கட்டுப்பாடு. அதைத் தாண்டினால் நிரந்தரம் கேட்டுவிடுவோமாம். ஆனால் ஆள் பற்றாது. அதனால் நாள் தீர்ந்தவளை, நாள் பாக்கியிருக்கிற இன்னொருத்தி பெயரில் புக் பண்ணிவிடுவார்கள். புக்கிங்கில் எந்தப் பெயரோ, மைக்கிலும் அதே பெயர். அங்கே அதுதான் நடைமுறை. யாரும் அதைப் பெரிதாக நினைத்ததில்லை.

ஒரு மழைக்காலம்... ஸ்டெல்லா பிரசவத்துக்கு ஆஸ்பத்திரியில். அந்த நேரம் பார்த்துப் புயல். என் நாட்கள் தீர்ந்திருந்தன. ஸ்டெல்லா பெயரில் போட்டுக்கொள்கிறேன், நீ படி என்றார் ட்யூட்டி ஆபீசர். தண்டவாளத்தில் தண்ணீர், ரயில் இல்லை. அங்கேயே தங்கி, மீனவர்களுக்கான எச்சரிக்கையைப் புயல் கரை கடக்கும்வரை நான்தான் வாசித்தேன்.

"மீனவர்கள் கடலுக்குச் செல்ல வேண்டாம்... வாசித்தவர் ஸ்டெல்லா."

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோடு மாமல்லபுரம் போயிருந்தோம். கரையில் மீன் விலை கேட்டேன். மீன்கார அம்மா சட்டென்று நிமிர்ந்து பார்த்தாள்.

"நீ ரேடியோல பேசுற ஸ்டெல்லாதான? கொரலு அதே மாரி கீதே. நீ சொன்னியேன்னுதான் எங்க வூட்டுக்காரரு அன்னிக்கி படகு எடுக்கல."

சொல்லிக்கொண்டே ஒரு கை சங்கரா மீனைக் கூடுதலாக அள்ளிப் போட்டாள். நான் ஆமாம் என்று தலையாட்டினேன், அத்தாவின் மகள் இல்லையா! கைக்குழந்தையோடு வீட்டிலிருந்த ஸ்டெல்லாவிடம் போய்ச் சொன்னால், என் பெயருக்கு வந்த மீன், என் பங்கு எங்கே என்று சண்டைக்கு வந்தாள்.

அன்று சிரித்தோம். இப்போது சிரிக்க முடியவில்லை.

நிரந்தரம் கேட்டு கேஷுவல்கள் சேர்ந்து போட்டு, வருடக்கணக்காக இழுத்த கேஸில் ஒரு வழியாக உத்தரவு வந்திருக்கிறது. போதுமான நாள் வேலை செய்ததைக் காட்டினால் நிரந்தரம், பென்ஷனும் உண்டு. நாளைக்கு நேரில் விசாரிக்கிறார்கள். எங்கள் இருவருக்குமே ஓய்வு வயது நெருங்கிவிட்டது. இதை விட்டால் வேறு வழி இல்லை.

எனக்குக் கொஞ்சம் நாள் குறைகிறது. குறைவது அந்தப் புயல் நாட்கள். ஆபீஸ் ரெக்கார்டில் அவை ஸ்டெல்லாவுடையவை. அவற்றைச் சேர்த்தால்தான் அவளுக்கும் சரியாக வருகிறது. பெயரை மாற்றிப் போட்ட ட்யூட்டி ஆபீசர் அதை ஒப்புக்கொள்ள மாட்டார். வேறு சாட்சி தேடினால் அந்த மீன்கார அம்மாதான் உண்டு. அவளும் ஸ்டெல்லா என்றுதான் சொல்லுவாள்.

ஸ்டெல்லாவிடம் நான் இதைப் பற்றிக் கேட்கவே இல்லை. இன்று காலை அவளே போன் செய்தாள்.

"நூரு, என் பொண்ணு பொறந்த சர்டிபிகேட்ட எட்துகினு வரேன். புள்ள பெத்துகினு கெடந்தவ எப்டிடி மைக்ல படிச்சிருப்பா? அந்த நாளு உன்னுது."

"அத்த காட்டுனா உனுக்கு நாளு பத்தாதேடி."

"தெரியும்டி."

அப்புறம் சாப்பிட்டாயா என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டாள். அவள் வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்தபின் அவளுக்கு இருக்கிற ஒரே நம்பிக்கை இந்த பென்ஷன்தான்.

காலையிலிருந்து ஒரு வேலை ஓடவில்லை. அவள் அந்த சர்டிபிகேட்டை மறந்து வைத்துவிட்டு வரவேண்டும் என்று ஒரு மனசு. மறக்காமல் எடுத்து வரவேண்டும் என்று இன்னொரு மனசு. இரண்டும் என்னுடையதுதான், பொய் சொல்ல மாட்டேன்.

அன்று முகம் தெரியாத ஒருத்தி, அதுவும் வேறு பெயரில், போகாதீர்கள் என்றாள். நம்பிக் கரையில் இருந்தார்கள். நாளைக்கு என் சொந்தப் பெயரில், முகத்தைக் காட்டி, நான்தான் வாசித்தேன் என்று சொல்லவேண்டும். நம்புவார்களா தெரியவில்லை.

போகப்போவது அதே ரயில்தான். கூடுவாஞ்சேரியில் அவள் ஏறுவாள், பழையபடி பக்கத்து சீட்டைப் பிடித்து வைத்திருப்பேன்.

அவள் ஏறியதும் முதலில் அவள் முகத்தைப் பார்ப்பேனா, கையிலிருக்கும் பையைப் பார்ப்பேனா... அதை நினைத்தால்தான் எனக்குப் பயமாக இருக்கிறது.