பொட்டு வைத்த கல்

2019ஆம் ஆண்டுக் கோடையில், அக்கினி நட்சத்திரம் முடிய இரண்டு நாள்கள் இருந்தபோது, வழக்கறிஞர் சுகிர்தா, விவசாயி தேசப்பனை முதன்முதலாகப் பார்த்தாள். திருவள்ளூரில் நீதிமன்றத்திற்கு எதிரே இருந்த அவளது அலுவலகத்திற்கு, அவர் தம் மனைவி தாயாரம்மாளுடன் வந்திருந்தார். வயது எழுபதை நெருங்கியிருந்தது. திருவள்ளூர் மாவட்டத்து ஆரணிக்கு வடக்கே அவருக்கு இரண்டு ஏக்கர் நன்செய் நிலமும், அதன் நடுவே உறை இறக்காத ஒரு பழைய கிணறும் இருந்தன. கும்மிடிப்பூண்டித் தொழிற்சாலைகளுக்குச் செல்லும் உயர் அழுத்த மின்பாதையின் கோபுரம் ஒன்று, அந்தக் கிணற்றிலிருந்து பத்தடித் தொலைவில் எழும்பவிருந்தது.

“கம்பி மேல போனா போவட்டும்மா. வானத்துக்கு நான் இன்னா பட்டாவா வெச்சிக்கினு இருக்கேன்?” என்றார் தேசப்பன். “கோபுரத்துக்குப் பள்ளம் நோண்டுனா கெணறு சரிஞ்சிடும். வரப்போரமாத் தள்ளி நட்டுக்கச் சொல்லுங்க, போதும்.”

“மூணு வருசத்துக்கு முன்னாடி அளந்து கல்லு நட வந்தாங்களே, அப்பவே வாயத் தொறந்து கேட்டிருக்கலாம்,” என்றாள் தாயாரம்மாள். “இவரு மோர் குடுத்து அனுப்பிச்சாரு.”

“ரோட்டுக்குன்னு நெனைச்சிக்கினேன்டி.”

நில உரிமையாளரின் ஒப்புதல் இல்லாமலேயே கம்பியைக் கொண்டுசெல்ல மின்பாதை நிறுவனத்திற்குச் சட்டத்தில் இடம் உண்டு. ஆயினும், உரிமையாளர் தடுத்தால் மாவட்ட ஆட்சியரே முடிவு சொல்ல வேண்டும். சுகிர்தா மறுப்பு மனுவை எழுதிக் கொடுத்தாள். வேலை நின்றது.

புரட்டாசியில் ஆட்சியர் அலுவலக அதிகாரி ஒருவர் முன் விசாரணை நடந்தது. நிறுவனத்தின் வழக்கறிஞர் வீரராகவன் ஒரு புகைப்படத்தை அதிகாரியின் முன் வைத்தார். கோபுரத்திற்காக நடப்பட்ட அடையாளக் கல் அதில் இருந்தது. அதற்குச் சுண்ணாம்பு அடித்து, மஞ்சள் தடவி, மூன்று குங்குமப் பொட்டுகள் வைத்திருந்தார்கள். உச்சியில் ஒரு சாமந்திப் பூ. சரிபார்க்க வந்த அளவையாளர் அவ்வாண்டுப் பொங்கலன்று எடுத்த படம் அது.

“மூன்று பொங்கலுக்கு இந்தக் கல்லைப் பூசித்தவர், இன்று கோபுரம் வேண்டாம் என்கிறார். இடத்தை அவர் மனமார ஏற்றுக்கொண்டதற்கு வேறென்ன சான்று வேண்டும்?” என்றார் வீரராகவன்.

“பொட்டு வைத்தது நீங்களா?” என்று அதிகாரி கேட்டார்.

“நான்தாங்கய்யா,” என்றார் தேசப்பன், சற்றுப் பெருமையாகவே.

வெளியே வந்ததும் சுகிர்தா கேட்டாள்: “ஏங்கய்யா, அதுக்குப் போயா பொட்டு வெச்சீங்க?”

“என் நெலத்துல நிக்குதும்மா. எல்லைக் கல்லுக்கெல்லாம் வெச்சிட்டு, அத மட்டும் மூளியா உடுறதா?”

“மோட்டாரு பெட்டிக்கு வெப்பாரு, கெணத்துப் படிக்கு வெப்பாரு,” என்றாள் தாயாரம்மாள். “முன்ன நம்ம நெலத்துல கரண்டு கம்பம் நடக் கூடாதுன்னு தாலுகா ஆபீசு வரைக்கும் போயி சண்டை போட்டாரு. தோத்துட்டு வந்து, அந்தக் கம்பத்துக்கும் வருசா வருசம் பொட்டு வெக்கிறாரு.”

சுகிர்தா நின்றுவிட்டாள். கம்பத்தை எதிர்த்துக் கொடுத்த மனுவின் நகல் இருக்கிறதா என்று கேட்டாள். தகரப் பெட்டியில் இருந்தது. 1998ஆம் ஆண்டு முத்திரையுடன்.

பொங்கல் கழிந்த மறுவாரம் நேரில் பார்வையிட வேண்டும் என்று அவள் விண்ணப்பித்தாள். தேசப்பனிடம் ஒன்றை மட்டும் கண்டிப்பாகச் சொன்னாள்: வழக்கு முற்றிலும் முடியும்வரை அந்தக் கல்லைத் தொடக் கூடாது. அவர் அரைமனதுடன் தலையசைத்தார்.

பார்வையிட வந்த அதிகாரி வயலைச் சுற்றி நடந்தார். எல்லைக் கற்கள், மோட்டார்ப் பெட்டி, கிணற்றுப் படி எல்லாவற்றிலும் குங்குமம் அழியாமல் இருந்தது. மின்கம்பத்தின் முன் அவர் நின்றார். சுகிர்தா பழைய மனுவை நீட்டினாள். அவர் மனுவைப் படித்தார். கம்பத்தின் பொட்டைப் பார்த்தார். மீண்டும் மனுவைப் படித்தார். வீரராகவன் குனிந்து, தம் காலணியில் ஒட்டிய சேற்றைத் துடைத்துக்கொண்டார்.

பாதை மாறாமல், கோபுரத்தை மட்டும் வரப்போரத்திற்குத் தள்ள வேண்டும் என்று ஆட்சியரின் ஆணை வந்தது. நிறுவனம் உயர் நீதிமன்றத்திற்குச் சென்றது. வேலை தாமதமாகக் கூடாதென்று வரப்போரத்திலேயே கோபுரத்தை எழுப்பி, கம்பியில் மின்சாரமும் விட்ட பிறகும், அந்த மனு நிலுவையிலேயே கிடந்தது. பழைய கல்லைப் பிடுங்க யாரும் வரவில்லை. நான்கு பொங்கல்களுக்குக் கிணற்றருகே அது மட்டும் வெறுமனே நின்றது.

2023 கார்த்திகையில் மனு தள்ளுபடியாயிற்று. மார்கழியில் தீர்ப்பு நகலைக் கொடுக்கச் சுகிர்தா அவருடைய வீட்டிற்குச் சென்றாள். தேசப்பன் நைலான் கட்டிலில் படுத்திருந்தார். நகலை வாங்கித் தலைமாட்டில் வைத்துக்கொண்டார், பிரித்துப் பார்க்கவில்லை.

“கெணத்துல தண்ணி எப்படிங்கய்யா?”

“இருக்குதும்மா. கரை ஒரு சாண்கூட சரியல.”

போகிக்கு நான்கு நாள் முன்பு அவர் இறந்த செய்தி அவளுக்குத் தாமதமாகவே கிடைத்தது. நகலைக் கொடுத்த அன்று, அவள் விடைபெற எழுந்தபோது அவர் கேட்டதே கடைசியாகக் கேட்டதாயிற்று.

“கேசு முழுசா முடிஞ்சிபோச்சு இல்ல? அப்போ, இந்தப் பொங்கலுக்கு அந்தக் கல்லுக்குப் பொட்டு வெக்கலாமான்னு அவங்க வக்கீலாண்ட ஒரு வார்த்த கேட்டுச் சொல்லும்மா.”