நீங்கா நினைவில் நான்

எங்கள் தமிழ் மன்றத்தின் செயலாளரை நான் மன்னிக்கவில்லை. அந்த ஃபிளெக்ஸ் பலகையைப் பற்றித் துபாயில் கண்டபடி கதைகள் உலவுவதால், நடந்ததை நானே எழுதி வைப்பது என் பெயருக்கு நல்லது.

இந்தியப் பள்ளியொன்றில் ஓவிய ஆசிரியனாக இருந்து ஓய்வு பெற்றவன் நான். மன்றத்தில் சனிக்கிழமை ஓவிய வகுப்பு தொடங்க விரும்பினேன். முதலில் ஓர் உரை நிகழ்த்துங்கள், பெற்றோர் கேட்டுவிட்டுப் பிள்ளைகளின் பெயரைக் கொடுப்பார்கள் என்றார் செயலாளர். பத்தொன்பதாம் நூற்றாண்டு ஜெர்மானிய ஓவியர் ஒருவரைத் தேர்ந்தெடுத்தேன். கைவினைஞரின் மகனாகப் பிறந்து, ரோம் நகரில் பயின்று, கலைக்கழகத்தில் பேராசிரியரானவர். பிளாஸ்டர் சிலைகளை ஓராண்டு வரையாத மாணவனை வண்ணத்தைத் தொட விடாதவர். என் முறையும் அதுவே.

அவர் தம்மையே வரைந்துகொண்ட வண்ண ஓவியம் ஒன்றையும் என் புகைப்படத்தையும் பலகைக்காகக் கொடுத்தேன். என்னுடையது பணியில் சேர்ந்தபோது எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். அதன் பிறகு என் முகம் எனக்குப் பிடித்ததில்லை.

அரங்கில் நுழைந்தபோது மேடைப் பலகையில் ஜெர்மானியர் புன்னகையோடு நின்றார். மேலே, ‘வருக! வருக!’ கீழே இரண்டு குத்துவிளக்குகளுக்கு நடுவே நான். ‘நீங்கா நினைவில்’.

“சார், டென்ஷன் ஆவாதீங்க” என்றார் செயலாளர். “கலர்ல இருக்கறவரு வர்றாரு, கறுப்பு வெள்ள போய்ச் சேந்துட்டாருன்னு சத்வாவுல ஃபிளெக்ஸ் அடிக்கற கடைக்காரன் நெனச்சுட்டான். அந்தக் காலத்து போட்டோவக் குடுத்தது நீங்கதானே?”

“கழற்றுங்கள்.”

“ஏணி மாஃபி சார், இங்க ஏணியே இல்ல.”

பின்வரிசையிலிருந்து ஒரு குரல்: “வெள்ளக்காரருக்கு விசா கெடச்சிருச்சாண்ணே?” அரங்கமே சிரித்தது. செயலாளரும் சிரித்தார், அதை நான் பார்த்தேன்.

அந்தப் பலகையின் கீழேயே நின்று ஒரு மணி நேரம் பேசினேன். ஓவியரின் இறுதி ஆண்டுகளை மட்டும் விட்டுவிட்டேன். அது பெற்றோர் அறிய வேண்டிய செய்தி இல்லை.

முடிந்ததும் ஒரு பெண்மணி எழுந்தார். என் பழைய மாணவி; இப்போது வங்கியில் வேலை.

“சார், என் டாட்டருக்குக் கலர் எப்போ ஸ்டார்ட் பண்ணுவீங்க?”

“ஓராண்டு கழித்து.”

“எங்களுக்கும் அந்தப் பிளாஸ்டர் பாதம்தான் குடுத்தீங்க. நான் டிராயிங்கே விட்டுட்டேன் சார்.”

அவர் குரலில் கோபம் இல்லை. இருந்திருந்தால் பதில் சொல்லியிருப்பேன். “மூணு மாசம்னு சொல்லுங்க சார், எல்லாரும் சேந்துருவாங்க” என்று செயலாளர் என் காதில் முணுமுணுத்தார். நான் சொல்லவில்லை. பெயர்ப் பட்டியல் வெற்றுத்தாளாகவே திரும்பி வந்தது.

அடுத்த சனிக்கிழமை ஒன்பது மணிக்கு மன்ற அறையைத் திறந்து, மேசையில் பிளாஸ்டர் பாதத்தை வைத்து, சாளரத் திரையை விலக்கி ஒளியைச் சரிசெய்தேன். அந்த ஓவியரின் மாணவர்கள், வேறு ஆசிரியர் வேண்டுமென்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போய்விட்டார்கள். அதன் பிறகும் அவர் காலைதோறும் வந்து காலி வகுப்பறையைத் திறந்திருக்கிறார். உரையில் நான் விட்ட பகுதி இதுதான்.

பத்து மணிக்குச் செயலாளர் எட்டிப் பார்த்தார். “யாரும் வரலியே சார். ரூம யோகாவுக்குக் குடுத்துரலாமா?”

“பதினொரு மணி வரை என் வகுப்பு” என்றேன். “கதவைச் சாத்திவிட்டுப் போங்கள்.”