காற்றில்லாத நேரத்து நடுக்கம்

அலுவலகத்தில் அவளுக்கு ‘நடுக்கக்காரி’ என்று பெயர். பயந்தாங்கொள்ளி என்பதால் அல்ல; செவ்வாய்க் கிரகத்தில் நிலம் நடுங்கினால் முதலில் அவள் கண்ணில்தான் படும். அங்கே இறங்கி நின்ற கலம் தரையில் வைத்த அதிர்வுமானி அனுப்பும் கோடுகளைத் திரையில் படிப்பது அவள் வேலை. முக்கால்வாசியும் காற்றின் கூத்து. அங்கே சாயங்காலம் காற்று அடங்கும் சில மணி நேரத்தில்தான் நிலத்தின் அசைவு பிடிபடும்.

வயது ஐம்பத்திரண்டு. படுத்த படுக்கையாகக் கிடந்த அப்பாவைப் பதினோரு வருடம் பார்த்துக்கொண்டதில் கல்யாணப் பேச்சு தானாக ஓய்ந்தது. அவரும் போன பிறகு, சலவைக் கடைக்கு மேலே இரண்டு அறை வீட்டில் அவளும் ரேடியோவும்தான். தம்பி குடும்பம் வேறு ஊரில்.

ஒரு நாள், கணினி காற்றென்று தள்ளிய குப்பையில் ஒரு சின்னக் கோடு அவளை உறுத்தியது. பிரிவுத் தலைவரிடம் காட்டினாள். காற்றாகத்தான் இருக்கும், விட்டுவிடுங்கள் என்றார் அவர். அவள் விடவில்லை. காற்றுமானிப் பதிவைத் தேடியெடுத்துப் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். அங்கே இலை கிடையாது. இருந்திருந்தாலும் அந்த நேரத்தில் அசைந்திருக்காது. மூன்று வாரம் மல்லுக்கட்டினாள். கடைசியில் தலைவரே அவள் மேசைக்கு வந்தார்.

“நீங்க சொன்னதுதாம்மா சரி. பட்டியல்ல சேர்த்துடலாம்.”

யாரிடமாவது சொல்லாவிட்டால் தலை வெடித்துவிடும் போலிருந்தது. வீட்டுக்கு வந்ததும் தம்பிக்குப் போன் போட்டாள். தம்பி மனைவி எடுத்தாள்; பின்னால் பிள்ளைகளின் சண்டை.

“செவ்வாய்ல ஒரு நடுக்கம்மா...”

“செவ்வாய்க்கிழமைலேர்ந்தா? இன்னிக்கு வியாழன் ஆச்சேக்கா. ரெண்டு நாளா காய்ச்சலோட கிடந்துட்டு இப்பதான் சொல்றீங்களா?”

அவளுக்குச் சிரிப்பு வந்தது. விளக்க வாயெடுத்தாள். அங்கே ஏதோ உடைந்தது, குழந்தை அழுதது.

“இப்ப பரவாயில்லம்மா. நீ போய்ப் புள்ளையைப் பாரு.”

மாத்திரை போடச் சொல்லிவிட்டுத் தம்பி மனைவி வைத்தாள். நல்ல பெண், மறுநாளும் விசாரித்தாள்.

அடுத்த வருடம் கலத்தின் சூரியத் தகடுகளில் புழுதி மூடி, மின்சாரம் குறைந்து, பேச்சு நின்றது. மற்றவர்கள் வேறு பிரிவுகளுக்குக் கலைந்தார்கள். அவள் மட்டும் நிலவின் பழைய அதிர்வுப் பதிவுகளைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். அங்கே காற்றே இல்லை. ஆனால் ஓர் அதிர்வு வந்தால் அடங்க ஒரு மணி நேரம்கூட ஆகும். முதல் வாரத்தில் யாரும் குறிக்காத நடுக்கங்கள் நான்கு கிடைத்தன. எழுதி வைத்துவிட்டு, அறையைப் பூட்டி, பேருந்துக்கு நடந்தாள்.