வெந்த கறியின் நிறம்

முதல் புரூஃப் திரும்பி வந்தபோது கூடவே ஒரே ஒரு வரி வந்தது. கறி வேகாதது மாதிரி இருக்கிறது, சரிசெய்து அனுப்பவும்.

நான் சிவகாசியில் ஓர் அச்சகத்தின் சிஸ்டம் ரூமில் வேலை பார்க்கிறேன். அச்சுத் தொழில்நுட்பம் படித்தவள். படங்களின் நிறத்தைச் சரிபார்த்து, புரூஃப் என்கிற மாதிரி அச்சு எடுத்து, ஆர்டர் கொடுத்தவர் ஒப்புக்கொண்ட பிறகு பிளேட்டுக்கு அனுப்புவது என் பொறுப்பு. சாமி காலண்டர், டைரி அட்டை, வெடி லேபிள் என்று ஓடிக்கொண்டிருந்த எங்கள் கம்பெனிக்குப் போன வருடம் ஒரு வெளிநாட்டு மசாலாவின் அட்டைப்பெட்டி வேலை வந்தது. மேனேஜர் அதை முழுக்க என்னிடம் விட்டார். தலைக்கு மேல் ஆள் நிற்காமல் நான் தனியாகச் செய்த முதல் ஆர்டர் அதுதான்.

பெட்டியின் முன்பக்கம் ஒரு வாணலி நிறையக் கொத்துக்கறி. பின்பக்கம் செய்முறை. வான்கோழிக் கொத்துக்கறியில் இந்த மசாலாவைப் போட்டு வதக்கி, டாகோ என்கிற மடித்த மக்காச்சோள ரொட்டிக்குள் வைத்துச் சாப்பிட வேண்டும். நான் டாகோவைக் கண்ணால் பார்த்ததில்லை. அதனால் என்ன, நாங்கள் அச்சடிக்கிற சாமிகளையும்தான் நேரில் பார்த்ததில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

அவர்கள் அனுப்பிய படத்தில் கறி மண் நிறத்தில் இருந்தது. "கலர் செத்துக் கெடக்கேம்மா" என்றார் மேனேஜர். எனக்கும் அப்படித்தான் பட்டது. சிவப்பு மையான மெஜந்தாவைக் கொஞ்சம் ஏற்றி முதல் புரூஃபை அனுப்பினேன். அதற்குத்தான் அந்த ஒற்றை வரி.

வேகாத கறி என்று எதைச் சொல்கிறார்கள்? நோட்டில் காரணங்களை வரிசையாக எழுதினேன். மசாலா பிடிக்காமல் வெளிறித் தெரியலாம். எண்ணெய் மினுமினுப்பு போதாமல் இருக்கலாம். மிளகாயின் நிறம் ஏறாமல் இருக்கலாம். மூன்றுக்கும் மருந்து ஒன்றுதான். எங்கள் வீட்டில் கறி வெந்துவிட்டது என்றால் சட்டியின் ஓரத்தில் சிவப்பாக எண்ணெய் பிரிந்து நிற்கும். மெஜந்தாவை இன்னும் ஏற்றினேன். மஞ்சளையும் துணைக்குச் சேர்த்தேன். இரண்டாவது புரூஃப் போனது.

முன்பைவிட மோசம், இதை ஏற்க முடியாது என்று பதில் வந்தது.

எங்கள் நாலு கலர் மெஷினை ஓட்டுகிற அண்ணன் இரண்டு புரூஃபையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். "ரெண்டாவது நல்லாத்தான பாப்பா இருக்கு? பார்த்தாலே எச்சில் ஊறுது. இதுக்கு மேல செவப்பு வேணும்னா அவுக குங்குமத்தத்தான் அள்ளித் திங்கணும்."

மேனேஜர் திட்டவில்லை. "அவுக ஏஜென்ட் போன் பண்ணுனாரும்மா. இன்னும் ஒரு புரூஃப்தான் பார்ப்பாகளாம். அதுவும் சரியில்லன்னா வேலைய வேற ஊருக்குக் குடுத்துருவாகளாம்" என்றவர், "கஷ்டமா இருந்தா நம்ம பழைய டிசைனர்கிட்டயே குடுத்துருவோமா?" என்று மெதுவாகக் கேட்டார். அந்த மெதுவான குரல்தான் உறுத்தியது. இதை இப்போது கை மாற்றினால் அடுத்து எதுவும் என் மேஜைக்குத் தனியாக வராது. திங்கட்கிழமை வரை நேரம் கேட்டேன்.

நிறம் பார்க்கிற வேலையில் அசல் கையில் இருக்க வேண்டும். புடவைக் கடை விளம்பரம் என்றால் புடவையையே வாங்கி வைத்துக்கொண்டு ஒப்பிடுவோம். இந்த வேலையில் என்னிடம் அசல் இல்லை. சமைத்தால்தான் கிடைக்கும்.

திருத்தங்கலில் எங்கள் வீட்டிலிருந்து வண்டியில் பத்து நிமிடத்தில் ஒரு கடை இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை மட்டும் வான்கோழி அறுப்பார்கள்.

"பிரியாணிக்கா, கொழம்புக்கா?" என்றார் கடைக்காரர்.

"கொத்துக்கறியா வேணும்ண்ணே. எலும்பு, தோலு இல்லாம ஒரு கிலோ."

"வான்கோழியவா? வீட்ல பல்லு இல்லாதவுக யாரும் இருக்காகளா?"

"இல்லண்ணே. ஆபீஸ் வேலை."

அவர் கத்தியை நிறுத்தி என்னை ஒருமுறை பார்த்துவிட்டுக் கொத்தத் தொடங்கினார்.

அம்மா வெடிக் கம்பெனியில் காகிதக் குழாய் ஒட்டுகிற வேலைக்குப் போகிறாள். மற்ற நாட்களில் காலை ஏழரைக்கு வேன் வந்துவிடும். ஞாயிறு ஒருநாள்தான் அடுப்படி முழுக்க அவள் கையில். அதை விட்டுக்கொடுத்ததில் அவளுக்கு அவ்வளவு சந்தோஷம் இல்லை.

பெட்டியின் பக்கவாட்டில் அச்சடிக்க வேண்டிய பொருள் பட்டியல்தான் என் வழிகாட்டி. மிளகாய்த்தூள், சீரகம், பூண்டு, வெங்காயம், உப்பு எல்லாம் வீட்டில் இருந்தன. ஒரிகனோ என்கிற காய்ந்த இலைக்கு ஃபிரிட்ஜ் கதவில் கிடந்த பீட்சா கடைப் பொட்டலங்கள் நான்கு. பாப்ரிகா என்றால் காரமில்லாத மிளகாய்த்தூள் என்று போனில் பார்த்துச் சொன்னேன்.

"காரமில்லாததுக்கு எதுக்குடி மிளகான்னு பேரு?" என்றாள் அம்மா.

காஷ்மீர் மிளகாய்த்தூளை எடுத்து வைத்தேன். டியூப்லைட்டை அணைத்து, கிழக்கு ஜன்னலை முழுக்கத் திறந்தேன். டியூப்லைட்டில் நிறம் பார்க்கக் கூடாது. இரண்டு புரூஃபையும் மசாலா டப்பாக்களுக்கு மேல் கிளிப் போட்டுத் தொங்கவிட்டேன். அம்மா அதையெல்லாம் வாசற்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

அரைக் கிலோவை ஃபிரீசரில் வைத்துவிட்டேன். எண்ணெய், வெங்காயம், பூண்டு, அதன் பிறகு மீதிக் கறி. வாணலி சிறியது என்பதால் அதிலும் ஒரு கைப்பிடி கிண்ணத்திலேயே நின்றுவிட்டது. நான் கரண்டியை விடாமல் கிண்டிக்கொண்டே இருந்தேன். கறி தண்ணீர் விட்டது. ரோஸ் நிறம் போய், சாம்பல் பூசிய வெள்ளையாக மாறியது. நான் எதிர்பார்த்த எதுவும் வாணலியில் இல்லை.

அம்மா எட்டிப் பார்த்தாள். "எங்க கம்பெனில வெடிக்குள்ள அடைக்கிற மருந்து இந்தக் கலருதான் இருக்கும். இதையா திங்காக?"

கிண்ணத்தில் மிச்சமிருந்த கறியை எடுக்கத் திரும்பினேன். கிண்ணத்துக்கு நேர் மேலே முதல் புரூஃப். இரண்டும் ஒரே நிறம். கிண்ணத்தைத் தூக்கி அட்டையோடு ஒட்டிப் பிடித்தேன். மெஷின் அண்ணனுக்கு எச்சில் ஊறிய இரண்டாவது புரூஃபோ பச்சைக் கறியைவிடப் பச்சையாக இருந்தது.

பின்பக்கச் செய்முறையின் மூன்றாவது வரி அப்போதுதான் நினைவுக்கு வந்தது. ரோஸ் நிறம் துளியும் இல்லாமல் போகும்வரை வதக்கவும். அந்த வரியை நான் நான்கு முறை படித்திருக்கிறேன். நான்கு முறையும் எழுத்துப்பிழைதான் பார்த்தேன். அவர்களுக்குப் பறவைக் கறியில் சிவப்பு தெரிந்தால் அது பச்சைக் கறி, வயிற்றுக்கு ஆபத்து. எங்களுக்குச் சிவப்பு என்றால் மிளகாய். வேகவைப்பதாக நினைத்துக்கொண்டு இரண்டு தடவையும் நான் கறியை அறுத்த நேரத்துக்கே திருப்பி அனுப்பியிருக்கிறேன்.

ஆனால் அதிலும் பாதிதான் விளங்கியது. அவர்கள் அனுப்பிய படத்தில் கறி சாம்பலாகவும் இல்லையே, பழுப்பாக அல்லவா இருந்தது? அது எங்கிருந்து வருகிறது? மசாலாவைக் கொஞ்சம் போட்டுப் பார்த்தேன். சாம்பலின் மேல் தூள் தூவியது போல இருந்தது. கரண்டியைக் கீழே வைத்துவிட்டுச் செய்முறையை இன்னொரு முறை படித்தேன். பரப்பிவிட்டு, கிண்டாமல் விடவும் என்று இருந்தது. அதையும் பிழை திருத்தியவள் நான்தான்.

மிச்சக் கறியையும் போட்டுப் பரப்பி, விட்டுவிட்டேன். தண்ணீர் வற்றியதும் சத்தம் மாறியது. கொதிக்கிற சத்தம் போய்ப் பொரிகிற சத்தம் வந்தது. அடியில் பிடிக்கிறது என்று அம்மா பாய்ந்து வந்தாள். கையைக் காட்டி நிறுத்தினேன். அடிப்பக்கத்தைப் புரட்டினால் படத்தில் இருந்த அதே பழுப்பு. கறியை ஓரத்துக்கு ஒதுக்கி, நடுவில் ஒரு கரண்டி எண்ணெய் விட்டு, மீதி மசாலாவையும் அரைத்த தக்காளியையும் அதில் வதக்கினேன். சீரகம் மணத்தது. கொஞ்சம் வெந்நீர் தெளித்து அடியைச் சுரண்டி எல்லாவற்றையும் புரட்டினேன். நாங்கள் செத்துக் கிடக்கிறது என்று சொன்ன மண் நிறம் வாணலி முழுக்க வந்துவிட்டது.

மக்காச்சோள ரொட்டிக்குப் பதில் சப்பாத்தி. உள்ளே கறி, பச்சை வெங்காயம், எலுமிச்சைச் சாறு. அம்மா ஒரு வாய் மென்றாள்.

"எப்படிம்மா இருக்கு?"

"கெட்டுப் போகல."

மீதியில் பாதியை எடுத்து நல்லெண்ணெய், வரமிளகாய், சின்ன வெங்காயம் போட்டுச் சிவக்கச் சிவக்க அவளே பிரட்டினாள். இரண்டு கிண்ணங்களும் மேஜையில் இருந்தன. நான் மாற்றி மாற்றிச் சாப்பிட்டேன். எது ருசி என்று என்னால் முடிவுக்கு வர முடியவில்லை. சிவப்பைப் பார்த்தால் பசித்தது. பழுப்பைத் தின்றால் கை மறுபடி அதற்கே போனது. மறுநாள் காலை, அம்மா வேனில் ஏறிய பிறகு ஃபிரிட்ஜைத் திறந்தேன். அவளுடைய சிவப்புக் கிண்ணம் இருந்தது. பழுப்புக் கிண்ணம் அடுப்படி மேடையில் கழுவிக் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. சாயங்காலம் கேட்டேன். "வேஸ்டாப் போயிரும்னு டப்பால அடைச்சிட்டுப் போனேன்" என்றாள்.

மூன்றாவது புரூஃபில் மெஜந்தாவை இறக்கி, கருப்பையும் மஞ்சளையும் ஏற்றினேன். மேனேஜர் அதை ஜன்னலோரம் கொண்டுபோய் நெடுநேரம் பார்த்தார். "ஒனக்கு நிச்சயமாத் தெரியுமாம்மா?" என்றார். சமைத்துப் பார்த்தேன் சார் என்றேன். அது பதிலா என்று அவருக்கும் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை. இருந்தாலும் அனுப்பினார்.

புதன்கிழமை பதில் வந்தது. இதுதான், ஓட்டலாம்.

வெள்ளிக்கிழமை மெஷின். முந்தின நாள் ஃபிரீசரில் இருந்த மீதி அரைக் கிலோவைச் சமைத்து டிபன் பாக்ஸில் கொண்டுபோயிருந்தேன். இந்தத் தடவை முதலிலிருந்தே கிண்டவில்லை. சீரகத்தை வறுத்துப் பொடித்தேன். எலுமிச்சையைக் கடைசியில்தான் பிழிந்தேன். முதல் ஷீட்டுகள் வந்ததும் அண்ணன் ஒன்றை உருவி வெளிச்சத்தில் பிடித்தார். அவர் கை தானாக மெஜந்தா பட்டனுக்குப் போனது.

"கொஞ்சமே கொஞ்சம் ஏத்திக்கிடுதேன் பாப்பா. பார்க்கச் சகிக்கல."

"வேண்டாம்ண்ணே. ஒரு புள்ளிகூட ஏத்தாதீக. லோடு திரும்பி வந்துரும்."

"இம்புட்டு வருசமா சாமியும் வெடியும் ஓட்டுதேன். செவப்பக் கொறைக்கச் சொன்ன மொத ஆளு நீதான்."

டிபன் பாக்ஸைத் திறந்து ஷீட்டின் மேல், படத்துக்குப் பக்கத்தில் வைத்தேன். அவர் குனிந்து இரண்டையும் பார்த்தார். கை துடைக்கிற துணியில் மையைத் துடைத்துவிட்டு, நான் கொடுத்த ஸ்பூனில் ஒரு வாய் எடுத்தார். இன்னொரு வாய் எடுத்தார்.

"நல்லாத்தான் இருக்கு" என்றார். "அப்ப பார்க்க ஏன் பாப்பா இப்படி இருக்கு?"

ஷீட்டின் ஓரத்தில் சரி என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அவர் பட்டனிலிருந்து கையை எடுத்துவிட்டு மெஷினை ஓட்டினார்.